பர்மா ராணியும் பர்மாவுக்குப் போன ராணிகளும்

நெத்திமேட்டு நிலா

நம் சேலத்தில் ஏற்காடு ரோட்டில் போகிற எல்லாரும் மாடர்ன் தியேட்டர்ஸ் வளைவைப் பார்த்திருப்பீர்கள். ஸ்டுடியோ போய்விட்டது, வளைவு மட்டும் நிற்கிறது. அந்த ஸ்டுடியோவில் டி.ஆர்.சுந்தரம் எடுத்து 1945-ல் வந்த படம் ‘பர்மா ராணி’. ஜப்பான் பிடித்து வைத்திருக்கும் பர்மாவில் இந்திய விமானப்படைக்காரர்கள் மாட்டிக்கொள்கிறார்கள், அங்கே ஒரு பெண் அவர்களுக்கு உதவுகிறாள். கதாநாயகி கே.எல்.வி.வசந்தா. ஜப்பானிய அதிகாரியாக சுந்தரமே நடித்தார். வெள்ளைக்கார அரசின் போர்ப் பிரசாரத்துக்காக அப்போது வந்த படங்களில் இதுவும் ஒன்று.

வேடிக்கை என்னவென்றால், அதே காலத்தில் நிஜமான பர்மாவில் நிஜமான தமிழ்ப் பெண்கள் காக்கிச் சட்டையோடு இருந்தார்கள். ஆனால் எதிர்ப்பக்கத்தில். ஜப்பானோடு சேர்ந்து வெள்ளைக்காரனை எதிர்த்த இந்திய தேசிய ராணுவத்தில், நேதாஜி 1943-ல் சிங்கப்பூரில் பெண்களுக்காகத் தொடங்கிய ஜான்சி ராணிப் படை. தலைமை கேப்டன் லட்சுமி. படையில் பெரும்பாலோர் மலாயா ரப்பர் தோட்டத்துப் பெண்கள். அந்தத் தோட்டங்களுக்குக் கங்காணிகள் ஆள் பிடித்த மாவட்டங்களில் திருச்சி, தஞ்சாவூரோடு நம் சேலம் ஜில்லாவும் முக்கியமானது. நம் ஊர் ஸ்டுடியோவில் ஒரு ராணி வசனம் பேசிக்கொண்டிருந்தபோது, நம் ஊர்க்காரர்களின் பேத்திகள் அங்கே பரேடு செய்துகொண்டிருந்திருக்கலாம்.

என் வாதம் இதுதான். எண்பது வருஷம் ஆகியும் நம் சினிமாவும் மேடையும் போர்க்காலப் பெண்ணை இரண்டு விதமாகத்தான் காட்டுகின்றன. ஒன்று, எதிரியை மயக்கி ரகசியம் வாங்குகிறவள். இல்லையென்றால், ஆயுதத்தோடு பாய்ந்து கடைசி ரீலில் சாகிறவள். போரில் வேலை செய்கிற பெண்ணை யாரும் காட்டவில்லை. மறுப்பவர்கள் வாங்க, பேசுவோம்.

கோரிமேடு குமரன்

வந்துவிட்டேன்.

முதலில் சுந்தரத்தை விட்டுவிடுங்கள். போர்க்காலத்தில் பிலிம் சுருளே ரேஷன். 1942-ல் படத்தின் நீளத்தைப் பதினோராயிரம் அடிக்குள் அடக்கச் சொல்லிவிட்டார்கள். கச்சா பிலிம் வேண்டுமென்றால் அரசின் தயவு வேண்டும், அரசுக்கோ போருக்கு ஆதரவான படம் வேண்டும். ஸ்டுடியோவில் மாதச் சம்பளத்துக்கு எத்தனை பேர் இருந்தார்கள்! அவர் என்ன செய்ய முடியும்?

இரண்டாவது, கொஞ்சம் கசப்பாக இருக்கும். ஜான்சி ராணிப் படை போர்முனையில் சண்டை போடவே இல்லை. இம்பால் பக்கம் போனது ஆண்களின் படைகள். பெண்கள் பர்மாவில் பின்னால்தான் இருந்தார்கள். அதையே ரஷ்யாவில் பாருங்கள். லுத்மிலா பவ்லிசென்கோ என்ற துப்பாக்கிக்காரிக்கு 309 பேரைச் சுட்ட கணக்கு. பெண்கள் மட்டுமே இருந்த 588-வது இரவுக் குண்டுவீச்சுப் படை, மரமும் துணியும் வைத்துக் கட்டிய பயிற்சி விமானத்தில் போய் ஜெர்மன்காரன் தலையில் குண்டு போட்டது. எதிரி அவர்களை ‘இரவுச் சூனியக்காரிகள்’ என்றான். அங்கே சண்டை நடந்தது, அதனால் படம் எடுக்க விஷயம் இருக்கிறது. நம்மிடம் எந்தச் சண்டையைக் காட்டச் சொல்கிறீர்கள்? மார்ச் பாஸ்ட்டையா?

தட்டுவடை செட்

குமரன் அண்ணன் முதல் பதிவிலேயே இன்டர்வெல் பிளாக் வைத்துவிட்டார். 🍿

ஓமலூர் ஹவில்தார்

வணக்கம். நான் ராணுவத்தில் சிக்னல்ஸ் என்கிற தகவல் தொடர்புப் பிரிவில் இருந்து ஓய்வு பெற்றவன். குமரன் தம்பிக்கு ஒரு விஷயம். பட்டாளத்தில் எதிரியைப் பார்த்துச் சுடுகிறவன் கொஞ்சம் பேர்தான். ரேஷன் கொண்டு போகிறவன், வண்டி ஓட்டுகிறவன், ஒயர் இழுக்கிறவன், சமைக்கிறவன், காயம் பட்டவனைத் தூக்குகிறவன் இவர்களெல்லாம் சேர்ந்ததுதான் ராணுவம். சர்வீஸ் முழுக்க நான் பயிற்சிக் களத்துக்கு வெளியே ஒரு குண்டுகூடச் சுட்டதில்லை. அதற்காக என்னைப் பட்டாளத்துக்காரன் இல்லை என்று சொல்வீர்களா?

மார்ச் பாஸ்ட்டைக் கேலி செய்ததால் இதையும் சொல்கிறேன். 1943 ஜூலையில் நேதாஜிக்கு அணிவகுப்பு மரியாதை கொடுத்த முதல் பெண்கள் சேலையில்தான் நின்றார்கள். கையில் .303 ரைபிள். அது ஏறக்குறைய நாலு கிலோ. ‘சலாமி சஸ்திர்’ என்று ஆர்டர் வந்தால் அதை உடம்புக்கு நேராக, செங்குத்தாக, அசையாமல் பிடிக்க வேண்டும். பழக்கம் இல்லாதவனுக்குச் சீக்கிரமே இடது மணிக்கட்டு நடுங்கும், பிறகு துப்பாக்கி முனை ஆடும். ஆடினால் ரிவ்யூ செய்கிற அதிகாரி கண்ணில் முதலில் படுவது அதுதான். சில நாள் பயிற்சியில் அதைச் செய்தார்கள் என்பது எனக்குச் சின்ன விஷயமாகத் தெரியவில்லை.

எண்ணிக்கையைப் பற்றி மட்டும் ஒரு எச்சரிக்கை. ஆயிரம் பேர் என்று பலர் எழுதுகிறார்கள். ஐந்நூறுக்குள்தான் என்று சொல்கிற ஆய்வாளரும் உண்டு. யூடியூப் பார்த்துவிட்டு ஐயாயிரம் என்று யாரும் இங்கே எழுத வேண்டாம்.

சேர்வராயன்73

எல்லாரும் சுற்றி வளைத்துப் பேசுகிறீர்கள். போரில் பெண்களுக்கு இடம் தேவையா என்பதே என் கேள்வி. பிடிபட்டால் என்ன ஆகும் என்று யோசித்தீர்களா? பெண்களைப் பின்னால் வைத்தது அவமானம் இல்லை, பாதுகாப்பு. சினிமாக்காரன் காட்டாததும் அதே மரியாதையால்தான்.

ஏற்காட்டு சிஸ்டர்

சேர்வராயன் சார், நான் ஏற்காட்டில் பிறந்தவள். சேலத்தில் நர்ஸ் வேலை. ‘பின்னால் வைத்தால் பாதுகாப்பு’ என்று சொன்னதற்கு மட்டும் பதில்.

1942 பிப்ரவரி, சிங்கப்பூர் விழப்போகிறது. ஆஸ்திரேலிய ராணுவ நர்ஸ்களைக் கப்பலில் ஏற்றி அனுப்புகிறார்கள். ஜப்பான்காரன் குண்டு போட்டுக் கப்பல் மூழ்குகிறது. தப்பித்த 22 நர்ஸ்கள் சுமத்ரா பக்கம் பங்கா தீவில் கரையேறிச் சரணடைகிறார்கள். கையில் செஞ்சிலுவைப் பட்டை, ஆயுதம் எதுவும் இல்லை. அவர்களைக் கடலுக்குள் நடக்கச் சொல்லி முதுகில் சுட்டார்கள். 21 பேர் அங்கேயே போய்விட்டார்கள். உயிர் பிழைத்த ஒரே நர்ஸ் விவியன் புல்விங்கல், போர் முடியும் வரை கைதி முகாமில் இருந்தார், பிறகு டோக்கியோ விசாரணையில் சாட்சி சொன்னார். அவர்கள் யாரும் முன்வரிசை இல்லை, சார். நீங்கள் சொல்கிற ‘பின்னால்’தான்.

நிலா மேடத்துக்கும் ஒன்று. நம் நாட்டு ராணுவ நர்ஸிங் 1888-லிருந்து இருக்கிறது. இன்றைக்கு அதில் சேர்கிற பெண் லெப்டினன்ட், தோளில் நட்சத்திரம் உண்டு. சினிமாவில் மட்டும் அவளுக்கு ரேங்கே கிடையாது. ஹீரோ கண் விழிக்கும்போது எதிரில் நிற்க வேண்டும், அவ்வளவுதான். கையில் ஒரு டிரே. அதில் என்ன இருக்கிறது என்று டைரக்டருக்கே தெரியாது. எந்தப் படத்திலாவது ஒரு நர்ஸ் கட்டுப் பிரிப்பதை முழுசாகக் காட்டியிருக்கிறார்களா? காய்ந்து ஒட்டிய துணியை உப்புத் தண்ணீர் ஊற்றி ஊறவைக்க வேண்டும். அவசரப்பட்டு இழுத்தால் புதுச் சதையும் சேர்ந்து வரும். காயம் பட்டவன் கத்துவான், திட்டுவான், சில சமயம் கையை ஓங்குவான். நீங்கள் குரலை உயர்த்தாமல் அடுத்த அங்குலத்தை ஊறவைப்பீர்கள். அடுத்த கட்டிலில் இன்னொருவன் கூப்பிட்டுக்கொண்டிருப்பான்.

பர்மாவில் மேமியோ ஆஸ்பத்திரியில் ஜான்சி ராணிப் பெண்கள் செய்தது இதைத்தான். 1944-ல் இம்பாலிலிருந்து திரும்பியவர்களுக்குக் குண்டுக் காயம் மட்டும் இல்லை. மலேரியா, சீதபேதி, பட்டினி. குமரன் சார், ‘சண்டை போடவில்லை’ என்று ஒரு வரியில் நீங்கள் முடித்தது இந்த வார்டு வேலையை.

கோரிமேடு குமரன்

சிஸ்டர், உங்கள் பதிவைப் படித்து மனசு கனத்தது உண்மை. ஆனால் இதைப் படமாக எடுத்தால் டாக்குமென்டரி. ஒரு வாரம்கூட ஓடாது. அந்தப் பெண்களே முன்வரிசைக்குப் போகத்தானே ஆசைப்பட்டார்கள்? ரைபிள், பயோனெட், டாமி கன் எல்லாம் பழகியிருந்தார்கள். எங்களை அனுப்புங்கள் என்று கேட்டார்கள். அவர்களைக் கட்டு மாற்றுகிறவர்களாக மட்டும் காட்டினால் அது இன்னொரு அநியாயம் ஆகாதா?

ஏற்காட்டு சிஸ்டர்

‘மட்டும்’ என்று நான் சொல்லவில்லையே. கையில் துப்பாக்கி இருக்கட்டும். டிரேயும் இருக்கட்டும்.

நெத்திமேட்டு நிலா

குமரன் ரஷ்யாவை இழுத்ததால் சொல்கிறேன். அந்த பவ்லிசென்கோ 1942-ல் அமெரிக்கா போனபோது நிருபர்கள் என்ன கேட்டார்கள் தெரியுமா? போர்முனையில் பெண்கள் மேக்கப் போடலாமா என்று. சீருடைப் பாவாடை நீளத்தைக்கூட விமர்சித்தார்கள். 309 பேர் கணக்கு வைத்திருந்தவளுக்கே அந்தக் கதி.

இங்கிலாந்தில் இன்னொரு கூத்து. விமான எதிர்ப்புப் பீரங்கிப் படைகளில் 1941-லிருந்து ஆணும் பெண்ணும் சேர்ந்து வேலை செய்தார்கள். வருகிற விமானத்தைக் கண்டுபிடிப்பது பெண். அது எவ்வளவு உயரத்தில் பறக்கிறது என்று கருவியில் பார்ப்பது பெண். குண்டு மேலே போய்ச் சேரும்போது விமானம் எந்த இடத்தில் இருக்கும் என்று கணிக்கிற கருவியை இயக்குவதும் பெண். ஆனால் பீரங்கியைச் சுடுவது மட்டும் ஆணாகத்தான் இருக்க வேண்டும், பெண் உயிர் எடுக்கக் கூடாது என்பது விதி. அப்படியானால் விமானத்தை வீழ்த்தியது யார்? சினிமா கேமரா எப்போதும் பீரங்கியின் வாயில்தான் நிற்கும். குமரன் கேட்கிற ‘சண்டை’யும் அந்த வாயில் மட்டும்தான் இருக்கிறது.

நம் மண்ணிலும் அதே கதைதான். வேலு நாச்சியார் நாடகம் பார்த்திருப்பீர்கள். குயிலி உடம்பில் தீ வைத்துக்கொண்டு ஆயுதக் கிடங்கில் பாயும் காட்சிக்குக் கைதட்டல் அடங்காது. நாச்சியார் 1772-க்குப் பிறகு திண்டுக்கல் பக்கம் விருப்பாச்சியில் எட்டு வருஷம் இருந்து, ஹைதர் அலியிடம் உதவி கேட்டு, ஆள் திரட்டி, 1780-ல் சிவகங்கையை மீட்டார். அந்த எட்டு வருஷம் மேடையில் ஒரு பாட்டில் ஓடிவிடும். பணம் எங்கிருந்து வந்தது, கூட வந்தவர்களுக்குச் சோறு யார் போட்டார்கள் என்று எந்த நாடகமும் கேட்காது.

மட்டுறுத்துநர்

ஈழத்துப் பெண் போராளிகள் பற்றி வந்த மூன்று பதிவுகளை அதற்கான தனித் திரிக்கு மாற்றியிருக்கிறேன். அங்கே தொடருங்கள். சேர்வராயன்73, தனிமடலில் வசவு வேண்டாம்.

ஓமலூர் ஹவில்தார்

இப்போதைய படத்துக்கு வருவோம். குஞ்சன் சக்சேனா படம் 2020 ஆகஸ்டில் வந்தது. அவர் 1999 கார்கில் போரில் சீட்டா ஹெலிகாப்டர் ஓட்டினார், காயம் பட்டவர்களை ஏற்றி வந்தார். அதில் எனக்கு மறுபேச்சே இல்லை. ஆனால் படத்தில் கூட இருக்கிற ஆண் அதிகாரிகள் அத்தனை பேரும் வில்லன்கள். விமானப்படையே தணிக்கை வாரியத்துக்குக் கடிதம் எழுதி ஆட்சேபம் தெரிவித்தது. ஒரு பெண்ணை உயர்த்த ஒரு படையையே தாழ்த்த வேண்டுமா? இதுதான் என் குறை. நிலா சொல்வது போல வேலையைக் காட்டியிருந்தால் வில்லனே தேவைப்பட்டிருக்காது. அந்த மலைக்காற்றும், அந்த உயரத்தில் இறங்க இருக்கிற துண்டு இடமும் போதாதா வில்லனுக்கு?

நெத்திமேட்டு நிலா

ஐயா, உங்கள் வருத்தம் புரிகிறது. ஆனால் அதே 2020-ல், பிப்ரவரி 17 அன்று, பெண் அதிகாரிகளுக்கு நிரந்தரப் பணி கொடுக்கச் சொல்லி உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அந்த வழக்கில் அரசுத் தரப்பு என்ன வாதாடியது? சிப்பாய்கள் பெரும்பாலும் கிராமத்திலிருந்து வருகிறவர்கள், பெண்ணின் கட்டளைக்குக் கீழ் வேலை செய்ய அவர்கள் மனம் இன்னும் தயாராகவில்லை என்று. சினிமாக்காரன் எழுதின வசனம் இல்லை இது, கோர்ட்டில் எழுத்தில் கொடுத்தது. படத்தில் இதைச் சொன்னால் அவதூறு, கோர்ட்டில் சொன்னால் வாதமா?

ஓமலூர் ஹவில்தார்

அது ராணுவம், படம் விமானப்படை. இரண்டும் வேறு வேறு வீடு, நிலா. ஒன்றின் வழக்கை இன்னொன்றின் தலையில் கட்டாதீர்கள். மேலும், நானும் கிராமத்திலிருந்து போனவன்தான். எங்கள் மனசு தயாரா இல்லையா என்று எங்களை யாரும் கேட்கவில்லை. அந்த வாதத்தில் பெண் அதிகாரிகளைப் போல நாங்களும் அவமானப்பட்டோம்.

கோரிமேடு குமரன்

ஹவில்தார் ஐயா சொன்ன கடைசி வரிக்கு ஒரு சல்யூட்.

ஆனால் படத்தை விட்டுக்கொடுக்க மாட்டேன். அந்தப் படம் வரும்வரை என் அக்கா பெண்ணுக்கு ஹெலிகாப்டர் ஓட்டுகிற பெண் என்று ஒருத்தி இருப்பதே தெரியாது. இப்போது என்.சி.சி.யில் சேர வேண்டும் என்று வீட்டில் சண்டை போடுகிறாள். தீர்ப்பைப் படித்தா சேர வந்தாள்? கேப்டன் லட்சுமியையே எடுத்துக்கொள்ளுங்கள். சென்னை மருத்துவக் கல்லூரியில் படித்தவர், 1940-ல் சிங்கப்பூர் போனவர், கடைசிவரை கான்பூரில் ஏழைகளுக்கு வைத்தியம் பார்த்தவர். நம் ஆட்களிடம் கேட்டால் ‘2002-ல் கலாமை எதிர்த்து நின்றாரே அந்தம்மாவா?’ என்பார்கள். நல்ல கமர்ஷியல் படம் ஒன்று வந்திருந்தால் இந்த நிலை இருக்காது. மிகைப்படுத்தினாலும் பரவாயில்லை, பெயராவது நிற்கும்.

நெத்திமேட்டு நிலா

பெயர் நிற்கும் என்கிறீர்கள். யார் பெயர்? குஞ்சன் படம் வந்தபோது, அவரோடு உதம்பூரில் பணியாற்றிய விமானி ஸ்ரீவித்யா ராஜன் வெளிப்படையாக எழுதினார், கார்கிலில் அவருக்கு முன்பே பறந்த பெண் நான்தான் என்று. இரண்டு பெண்கள் அங்கே இருந்தார்கள். ஆனால் ‘ஒரே பெண்’ என்று இருந்தால்தானே படத்துக்குக் கெத்து? அப்புறம் இன்னொருத்தியை எங்கே வைப்பது!

லட்சுமியும் அப்படித்தான். அவர் டாக்டர், வசதியான குடும்பம், அம்மா அம்மு சுவாமிநாதன் அரசியல் நிர்ணய சபையில் இருந்தவர். படம் எடுத்தால் அவரைத்தான் எடுப்பீர்கள், எடுக்கவும் வேண்டும். மலாயாவில் நகைகளைக் கழற்றிக் கொடுத்துவிட்டுப் பதின்வயதிலேயே படையில் சேர்ந்த ஜானகி தேவரை எத்தனை பேருக்குத் தெரியும்? பிற்காலத்தில் மலேசிய அரசியலில் பெரிய பெயர், 2000-ல் பத்மஸ்ரீ வாங்கினார். அவருக்கே இந்த நிலை என்றால், பால் வெட்டுகிற கத்தியை வைத்துவிட்டு வந்த தோட்டத்துப் பெண் திரையில் வரவே மாட்டாள்.

சேர்வராயன்73

தோட்டத்துப் பெண்கள் தேசபக்தியால்தான் சேர்ந்தார்கள் என்று யார் சொன்னது? சாப்பாடு கிடைக்கும், ஜப்பான்காரன் தொல்லை இருக்காது என்று சேர்ந்தவர்களும் உண்டு. இதையும் சேர்த்து எழுதுங்கள் பார்ப்போம்.

நெத்திமேட்டு நிலா

எழுதுகிறேன், சார். உங்களோடு ஒத்துப்போகிற ஒரே இடம் இது. ஜப்பான்காரன் போட்ட சயாம்-பர்மா ரயில் பாதை வேலைக்குத் தோட்டத்து ஆண்களை வாரிக்கொண்டு போன காலம். அரிசி இல்லை. மூன்று வேளைச் சாப்பாட்டுக்காகவும் பாதுகாப்புக்காகவும் ஒருத்தி சேர்ந்தால் அவளுடைய சேவை குறைந்துபோகுமா? ஆண்கள் பட்டாளத்தில் சேர்வது சம்பளத்துக்கும் பென்ஷனுக்கும் இல்லையா? பெண்ணிடம் மட்டும் ஏன் சுத்தமான தியாகம் எதிர்பார்க்கிறோம்?

ஓமலூர் ஹவில்தார்

நான் சேர்ந்தது சம்பளத்துக்குத்தான். வீட்டில் ஐந்து பேர், காட்டில் மழை இல்லை. பக்தியெல்லாம் ரெஜிமென்டுக்குள் போன பிறகு வந்தது.

இன்னொன்று விட்டுப்போயிற்று. படங்களில் ராணுவப் பெண் என்றாலே அதிகாரிதான். 2021-ல் பெங்களூரில் ராணுவ போலீஸ் மையத்தில் 83 பெண்கள் பயிற்சி முடித்து வெளியே வந்தார்கள். சிப்பாய் ரேங்கில் முதல் அணி. பரங்கிமலையில் 1992-ல் 25 பெண்கள் அதிகாரிப் பயிற்சிக்குச் சேர்ந்ததற்கும் இதற்கும் இடையில் ஏறக்குறைய முப்பது வருஷம். அந்த 83 பேரில் ஒருத்தியைப் பற்றி யாராவது கதை பண்ணியிருக்கிறார்களா?

தட்டுவடை செட்

ஐயா, சிப்பாய் ஹீரோயின் என்றால் ஊட்டிப் பாட்டு எடுக்க லீவு கிடைக்காது.

ஏற்காட்டு சிஸ்டர்

ஊட்டி எதற்கு? ஏற்காட்டிலேயே எடுங்கள், எங்கள் ஊர்ப் பையன்களுக்கு நாலு நாள் வேலை கிடைக்கும். 😄

சீரியஸாக ஒன்று. இரண்டாம் உலகப் போரில் வெள்ளைக்கார ராணுவத்தில் பெண்கள் துணைப் படை ஒன்று 1942-லிருந்து இருந்தது. பத்தாயிரத்துக்கும் மேற்பட்ட பெண்கள். ஆங்கிலோ இந்தியப் பெண்கள் நிறையப் பேர். டைப் அடித்தார்கள், டெலிபோன் எக்ஸ்சேஞ்ச் பார்த்தார்கள், சங்கேதச் செய்தி பிரித்தார்கள். போர் முடிந்ததும் கலைத்துவிட்டார்கள். சுதந்திரப் போராட்டக் கதையிலும் அவர்கள் வர மாட்டார்கள், வெள்ளைக்காரன் கதையிலும் வர மாட்டார்கள். ‘பர்மா ராணி’ மாதிரி படம் வந்தது யாருடைய போருக்காகவோ, அந்தப் போரில் நிஜமாகவே வேலை பார்த்த இந்தியப் பெண்கள் இவர்கள்தான்.

கோரிமேடு குமரன்

இது எனக்குப் புதுச் செய்தி. யோசிக்க வைக்கிறது.

ஆனால் நிலா, சிஸ்டர், இரண்டு பேருக்கும் நேராக ஒரு கேள்வி. உங்களிடம் தயாரிப்பாளர் வந்து நிற்கிறார் என்று வைத்துக்கொள்ளுங்கள். ஜான்சி ராணிப் படை பற்றி இரண்டரை மணி நேரப் படம். சண்டை இல்லை, மயக்குகிறவள் இல்லை, தீப்பாய்தல் இல்லை. இன்டர்வெல் எங்கே?

நெத்திமேட்டு நிலா

1945 ஏப்ரல், ரங்கூனைக் காலி செய்யும் உத்தரவு. அங்கே இடைவேளை. இரண்டாம் பாதி முழுக்கத் திரும்பி வருகிற பயணம். லாரி சேற்றில் மாட்டும், பிறகு நடை. பகலில் விமானத் தாக்குதல் என்பதால் மரத்தடியில் ஒளிந்து இரவில் நடப்பார்கள். நேதாஜியும் அவர்களோடு நடந்தார். அதற்கும் முன்னே ஒரு ரயிலில் அனுப்பப்பட்ட அணி தாக்கப்பட்டு ஸ்டெல்லா, ஜோசஃபின் என்று இரண்டு பெண்கள் இறந்தார்கள். உங்களுக்குச் சண்டைதானே வேண்டும்? அங்கே இருக்கிறது.

ஏற்காட்டு சிஸ்டர்

நான் அதோடு முடிக்க மாட்டேன். தோட்டத்துக்குத் திரும்பிய பிறகு என்ன ஆயிற்று என்பதையும் அரை மணி நேரம் காட்டுவேன். காக்கியைக் கழற்றிவிட்டு மறுபடி பால் வெட்டப் போனபோது, கணக்குப்பிள்ளை பழைய மாதிரியே அதட்டியிருப்பான் இல்லையா? அதற்கு அவள் என்ன பதில் சொன்னாள்? எனக்கு அந்த சீன் வேண்டும்.

கோரிமேடு குமரன்

அந்த சீனில் கணக்குப்பிள்ளையை அறைய விடுவீர்களா?

ஏற்காட்டு சிஸ்டர்

விட மாட்டேன்.

கோரிமேடு குமரன்

படுத்துவிடும் படம்.

ஓமலூர் ஹவில்தார்

அறைகிறாளோ இல்லையோ, தொப்பி இல்லாமல் சல்யூட் அடிக்கிற சீன் மட்டும் வைத்துவிடாதீர்கள். ஒவ்வொரு படத்திலும் அதைப் பார்த்துப் பார்த்து எனக்கு ரத்தக்கொதிப்பு வருகிறது. காலையில் கேன்டீன் போகணும், மிச்சத்தை மத்தியானம் வந்து பேசுகிறேன்.